புள்ளைக்கு என்னமும் குடுப்பீங்களா?

போன சிறுபோக அறுவடை நேரம் நாங்கள் ஒரு குறும்படம் எடுத்தோம். பன்னிரண்டு நிமிசம். வாப்பா கட்டாருக்குப் போன பிறகு ஒன்பது வயசுப் பொடியன் ஒருத்தன் தனியா வயல் பார்க்கப் போகிறான், அவ்வளவுதான் கதை. நடிச்சவன் எங்கட பக்கத்துத் தெருப் புள்ளை. சுபஹுக்குப் பிறகு கூட்டிக்கொண்டு போய் மஃரிபுக்குத்தான் வீட்டில் கொண்டு விட்டோம். இப்படி ரெண்டு நாள். ரெண்டாவது நாள் பள்ளிக்கூட நாள்.

கடைசி நாள் அந்தப் புள்ளையின் உம்மா வாசலில் நின்று கேட்டா: "மனே, புள்ளைக்கு என்னமும் குடுப்பீங்களா?"

நாங்கள் சிரித்தோம். "இது கலை மாமி, நாங்க காசுக்கு எடுக்கல்ல" என்று சொல்லிவிட்டு வந்தோம்.

உண்மை என்னவென்றால், நாங்கள் காசு கொடுத்திருந்தோம். கல்முனையில் எடுத்த கெமராவுக்கு நாள் வாடகை கொடுத்தோம். ட்ரோன் வச்சிருந்தவருக்குக் கொடுத்தோம். வேன்காரருக்குக் கொடுத்தோம். ரெண்டு நாளும் எல்லாருக்கும் புரியாணி எடுத்தோம். அந்தப் படத்தில் கூலி வாங்காத ஆள், படம் முழுக்க முகம் காட்டுற ஆள் ஒருத்தன்தான். அவனுக்குக் கிடைச்சது ஒரு ஐஸ்கிரீமும், எங்கட பேர் பெரிசா, அவன்ட பேர் சின்னதா அடிச்ச ஒரு சான்றிதழும்.

இந்தக் கட்டுரையை எங்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிட்டுத்தான் தொடங்குறோம். மற்றவங்களைப் பற்றிப் பேசுறதுக்கு முதல் அது ஒரு மரியாதை.

சின்ன வயசில் கெமராவுக்கு முன்னால் வந்த நடிகர்களைப் பற்றி எங்களுக்கு ரெண்டே ரெண்டு கதைதான் தெரியும். ஒண்டு, "பாருங்க, ஆறு வயசில வந்தவர், இண்டைக்கு உலக நாயகன்." மற்றது, "பாவம், சின்னதில பேரெடுத்து, பிறகு குடிச்சே அழிஞ்சவர்." ஒண்டு திறமைக் கதை, மற்றது தலைவிதிக் கதை. ரெண்டும் பார்வையாளர்களான எங்களுக்கு வசதி. ரெண்டிலும் எங்களுக்குப் பொறுப்பில்லை. நாங்கள் இங்கே வேறு கேள்வி கேட்கிறோம். கணக்குப் புத்தகம் யாருடைய கையில் இருந்தது? புள்ளையின் நேரம் யாருடைய கையில் இருந்தது? "இனிக் காணும், நான் வீட்ட போறேன்" என்று சொல்லும் உரிமை யாருக்கு இருந்தது?

முதல் கதையையே எடுப்போம். கமல்ஹாசன் 'களத்தூர் கண்ணம்மா'வில் வந்தது 1960. ஏவிஎம் படம். அவருக்கு அப்போது ஆறு வயதுகூட நிரம்பவில்லை. ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் கிடைத்தது. அதுக்குப் பிறகு 'பார்த்தால் பசி தீரும்', 'பாத காணிக்கை', 'வானம்பாடி', 'ஆனந்த ஜோதி' என்று 1963 வரைக்கும் சில படங்கள். பிறகு? பிறகு ஒண்டுமில்லை. குழந்தை முகம் போனதும் சினிமாவும் போனது. அடுத்த வருசங்களை டி.கே.எஸ். சகோதரர்களின் நாடக சபாவிலும், தங்கப்பன் மாஸ்டரிடம் நடன உதவியாளராகவும் கழித்தார். 'அரங்கேற்றம்' 1973. கதாநாயகனாக 'அபூர்வ ராகங்கள்' வந்தது 1975. பதக்கம் வாங்கின புள்ளைக்கு சினிமா திரும்பக் கதவு திறக்க பத்து வருசத்துக்கு மேல் ஆனது.

அந்தப் பத்து வருசத்தை அவர் எப்படித் தாண்டினார் என்பதை யாரும் மேடையில் சொல்ல மாட்டாங்க. வக்கீல் வீட்டுப் புள்ளை. வக்கீலுக்குப் படிச்ச மூத்த சகோதரர்கள். ஆறு வயசுப் புள்ளையின் வருமானத்தை நம்பி அடுப்பெரியாத வீடு. திறமை இல்லை என்று நாங்கள் சொல்ல வரவில்லை. திறமை காத்திருக்க வேண்டுமென்றால் அதுக்குக் கீழே ஒரு திண்ணை வேணும் என்று சொல்றோம். விஜய் 1984இல் 'வெற்றி'யில் சின்னப் பையனாக வந்தார். இயக்குனர் அவருடைய தகப்பன். சிலம்பரசன் கைக்குழந்தைக் காலத்திலிருந்தே தகப்பன் டி. ராஜேந்தரின் படங்களில் வந்தார். 2002இல் அவரைக் கதாநாயகனாக்கினதும் அதே தகப்பன்தான். "குழந்தை நட்சத்திரம் பெரிய நட்சத்திரமானது" என்று நாங்கள் கைதட்டுற கதைகளில் கனக்க, வீட்டுக்குள்ளேயே ஸ்டூடியோ இருந்தவங்களின் கதை.

இப்ப ஸ்ரீதேவி. 1963 ஆகஸ்ட் மாதம் பிறந்தவர். 1969இல் வந்த 'துணைவன்' படத்தில் முருகனாக வந்தபோது ஆறு வயதை ஒட்டின புள்ளை. 1971இல் 'பூம்பாட்டா' என்ற மலையாளப் படத்துக்கு கேரள அரசின் குழந்தை நட்சத்திர விருது. தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம் என்று ஓட்டம். 1976 ஒக்டோபரில் பாலசந்தரின் 'மூன்று முடிச்சு' வெளிவந்தது. கமலும் ரஜினியும் எதிரில். ரஜினியின் பாத்திரம் அந்தப் பெண்ணை அடையத் துடிக்கிறது. அவளோ அவனுடைய தகப்பனைக் கட்டி அவனுக்குச் சின்னம்மாவாக வந்து நிற்கிறாள். பிறந்த வருசத்தை வச்சு ஒருக்கா கணக்குப் போட்டுப் பாருங்க. பதின்மூன்று வயசு.

நாங்கள் இந்தக் கணக்கை எங்கட கூட்டத்தில் ஒருநாள் வாய்விட்டுப் போட்டபோது கொஞ்ச நேரம் ஒருத்தரும் பேசவில்லை. எங்கட தங்கச்சிமாருக்குப் பதின்மூன்று வயசு. எட்டாம் வகுப்பு. அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறோம், நல்ல படம் என்று எழுதியிருக்கிறோம், பாலசந்தரின் துணிச்சல் பற்றி வாதாடியிருக்கிறோம். ஒரு தடவையும் அந்தப் புள்ளைக்கு என்ன வயசு என்று கேட்டதில்லை. முருகன் வேசம் போட்ட புள்ளைக்கும் சின்னம்மா வேசம் போட்ட புள்ளைக்கும் இடையில் ஏழு வருசம்தான். அந்த ஏழு வருசத்தில் ஒரு பள்ளிப் பருவம் இருந்திருக்க வேணும். அதைத் தமிழ் சினிமா அவவிடம் கேட்டு வாங்கவில்லை. எடுத்துக்கொண்டது. அவ பிறகு இந்தியாவின் பெரிய நடிகையானது அந்தக் கடனைத் தீர்க்காது. வெற்றி என்பது ரசீது இல்லை.

"இது நம்ம நாடுகளின் பிரச்சினை, வெள்ளைக்காரன் நாட்டில இப்படி இல்லை" என்று ஒரு குரல் வரும். அங்கேயும் இருந்தது. 1921இல் சார்ளி சாப்ளினோடு 'தி கிட்' படத்தில் நடிச்ச ஜாக்கி கூகன் இலட்சக்கணக்கான டொலர் உழைத்தார். வளர்ந்து கேட்டபோது பணத்தில் பெரும்பகுதி தாயும் இரண்டாம் தகப்பனும் செலவழித்து முடிந்திருந்தது. 1938இல் நீதிமன்றம் போனார், சொற்பம்தான் கிடைத்தது. ஆனால் அந்த வழக்குச் சூட்டில்தான் 1939இல் கலிபோர்னியாவில் ஒரு சட்டம் வந்தது. புள்ளையின் சம்பளத்தில் ஒரு பகுதியைப் பெற்றோரும் தொட முடியாமல் பூட்டி வைக்கச் சொல்லும் சட்டம். இன்றைக்கும் அதை அவருடைய பேரில்தான் சொல்றாங்க.

இங்கிலாந்தில் 'ஒலிவர்!' படத்தில் நடிச்ச ஜாக் வைல்ட் 1969இல் பதினாறு வயசில் ஒஸ்கார் பரிந்துரை வரைக்கும் போனார். குடி அவரை விழுங்கியது. 2006இல் ஐம்பத்து மூன்று வயதில் வாய்ப் புற்றுநோயில் இறந்தார். இது எல்லாருக்கும் பிடிச்ச அழிவுக் கதை. ஆனால் அதே நாட்டில் டொட் கார்ட்டி என்று ஒரு தொலைக்காட்சி நடிகர் இருக்கிறார். எங்கட ஊரில் ஒருத்தருக்கும் தெரியாத பேர். 1978இல் பிபிசி தொடங்கின 'கிரேஞ்ச் ஹில்' என்ற பள்ளிக்கூடத் தொடரில் டக்கர் என்ற குழப்படிக்காரப் பொடியனாக வந்தார். பிறகு அந்தப் பொடியன் பள்ளியை விட்டு வேலை தேடி அலையும் கதையாகவே தனித் தொடர் ஒண்டு வந்தது. 1990இலிருந்து 2003 வரைக்கும் 'ஈஸ்ட்எண்டர்ஸ்' தொடரில் எச்.ஐ.வி.யோடு வாழும் மனிதராக நடித்தார். அதுக்குப் பிறகு ஒரு பொலிஸ் தொடர். உலக நாயகனும் இல்லை, தெருவில் விழுந்து கிடந்தவரும் இல்லை. ஒரு தொழிலாளி தன் தொழிலைச் செய்தார்.

எங்களுக்கு இந்த மூன்றாவது கதைதான் முக்கியம். இந்தக் கதை தற்செயலாக வருவதில்லை. பிரித்தானியாவில் 1963ஆம் ஆண்டுச் சட்டப்படி, புள்ளையை நடிக்க வைக்க உள்ளூராட்சி சபையிடம் அனுமதிப்பத்திரம் எடுக்க வேணும். படப்பிடிப்பில் புள்ளைக்கென்றே ஒரு பொறுப்பாளர் நிற்க வேணும். வயசுக்குத் தக்க மணித்தியாலக் கணக்கு இருக்கிறது. பள்ளிக்கூடம் தவறினால் படப்பிடிப்புத் தளத்திலேயே படிப்பிக்க வேணும். சட்டம் இருந்தும் ஜாக் வைல்ட் அழிந்தார், மறுக்கவில்லை. சட்டம் புள்ளையை சந்தோசப்படுத்தாது. ஆனால் "இந்தப் புள்ளை எத்தனை மணிக்கு வீட்ட போகும்?" என்று கேட்க ஒரு ஆளை அங்கே நிறுத்தி வைக்கும். எங்கட வயலில் அந்த ஆள் இல்லை. கேட்ட ஒரே ஆள் உம்மா. அவவைப் பார்த்து நாங்கள் சிரித்தோம்.

ரெண்டு உலகமும் ஒரே படத்தில் நின்ற சம்பவம் ஒண்டும் இருக்கிறது. 'ஸ்லம்டோக் மில்லியனர்'. கதாநாயகன் தேவ் பட்டேல், லண்டன் ஹரோவில் பிறந்தவர், பதினாறு வயசில் 'ஸ்கின்ஸ்' என்ற பிரித்தானியத் தொலைக்காட்சித் தொடரில் தொடங்கினவர். அதே படத்தில் சின்ன வயசு சலீமாக வந்தவர் அசாருதீன் இஸ்மாயில். மும்பை பாந்த்ராவின் கரீப் நகர் சேரிப் புள்ளை. 2009 பெப்ரவரியில் படத்துக்கு எட்டு ஒஸ்கார். புள்ளைகளையும் லொஸ் ஏஞ்சல்சுக்குக் கூட்டிப்போய் சிவப்புக் கம்பளத்தில் நடக்க வைத்தார்கள். அதே வருசம் மே மாதம், மாநகராட்சி கரீப் நகரில் குடிசைகளை இடித்தது. அசாருதீனின் வீடும் அதில் போனது. படக்காரர்கள் அந்தப் புள்ளைகளுக்கு ஒரு அறக்கட்டளை வைத்தார்கள், படிப்பை முடித்தால் பணம் என்றார்கள், பிறகு வீடும் பார்த்துக் கொடுத்தார்கள். அதைச் சொல்லாமல் விடுவது நியாயமில்லை. ஆனாலும் பாருங்க. ஒருவருக்கு அந்தப் படம் தொழிலின் முதல் படி. 2024இல் அவர் தானே இயக்கி 'மங்கி மேன்' எடுத்தார். மற்றவருக்கு அது ஒரு தர்மம். ஒருவர் கையில் ஒப்பந்தம், மற்றவர் கையில் அன்பளிப்பு. இந்த வித்தியாசத்தைத் திறமை என்று சொன்னால் நாங்கள் ஒத்துக்கொள்ள மாட்டோம்.

இந்தியாவிலும் இப்ப சட்டம் இருக்கிறது. 2016இல் குழந்தைத் தொழிலாளர் சட்டத்தைத் திருத்தினபோது பதினாலு வயசுக்குக் கீழ் வேலை கூடாது என்றார்கள், கலைஞர்களாக நடிக்கிற புள்ளைகளுக்கு விலக்குக் கொடுத்தார்கள். 2017 விதிகள் அந்த விலக்குக்கு வேலி போட்டன. நாளைக்கு 5 மணித்தியாலத்துக்கு மேல் கூடாது. ஓய்வில்லாமல் 3 மணித்தியாலத்துக்கு மேல் கூடாது. தொடர்ந்து 27 நாளுக்கு மேல் கூடாது. மாவட்ட நீதவான் அனுமதி வேணும். சம்பளத்தில் குறைந்தது 20 வீதம் புள்ளையின் பேரிலேயே வங்கியில் நிரந்தர வைப்பாகப் போக வேணும். எங்கட வயலில் அந்தப் பொடியன் நின்றது ரெண்டு நாளும் பதினொரு மணித்தியாலத்துக்கு மேல். நாங்கள் கோடம்பாக்கத்தைத் திட்டிக் கட்டுரை எழுதுற ஆட்கள்.

ராத்திரியில் டிஷ் போட்டு நாங்கள் பார்க்கிற பாட்டுப் போட்டிகளுக்கு வருவோம். 2015இல் விஜய் டீவியின் சூப்பர் சிங்கர் ஜூனியர் இறுதி மேடையில் கனடாவிலிருந்து வந்த ஈழத்துப் பின்னணிச் சிறுமி பாடினபோது இந்த நாட்டில் தமிழ் பேசும் வீடுகள் எல்லாம் அழுதன. ரெண்டாம் இடம் வந்தா. கிடைத்த ஒரு கிலோ தங்கத்தையும் ஆதரவற்ற புள்ளைகளுக்கே கொடுக்கிறேன் என்றா. 2023இல் ஜீ தமிழின் சரிகமப லிட்டில் சாம்ப்ஸ் மேடையில் யாழ்ப்பாணத்துச் சிறுமி வென்றா. மலையகத்திலிருந்தும் ஒரு சிறுமி போயிருந்தா. "எங்கட புள்ளை" என்று நாங்களும் ஸ்டேட்டஸ் வச்சோம். அந்தப் புள்ளைகளின் பேரை இங்கே வேணுமென்றே எழுதவில்லை. பேர் எல்லாருக்கும் தெரியும், ஆனால் அவங்க மேடை ஏறினபோது புள்ளைகள். இந்தக் கட்டுரைக்கு அவங்க சாட்சியாக வரத் தேவையில்லை.

அவங்க பாடினதில் எங்களுக்குப் பெருமைதான். கேள்வி அந்த நிகழ்ச்சிகளின் வடிவத்தைப் பற்றியது. பாட்டுக்கு முதல் ஒரு வீடியோ போடுவாங்க. வீடு, வறுமை, போர், இழந்த உறவு. புள்ளை அழும். நடுவர் அழுவார். நடுவர் அழுவதைப் பார்த்துத் தாய் அழுவதை இன்னொரு கெமரா பிடிக்கும். அதுக்குப் பிறகுதான் சுருதிப் பெட்டி. எங்கட நாட்டின் முப்பது வருச யுத்தத்தைப் பத்து வயசுத் தொண்டையில் ஏற்றி, இடையில் சவர்க்கார விளம்பரம் போடுறாங்க. பெரியவங்கள் பேசப் பயந்த விசயத்தை ஒரு புள்ளை பாடிக் காட்டினால்தான் எங்களுக்கு அழுகை வருமென்றால், குறை புள்ளையிடம் இல்லை. நாங்கள் எங்கட துக்கத்தைச் சுமக்கப் புள்ளையைக் கூலிக்குப் பிடிச்சிருக்கிறோம். கூலியும் கொடுக்கவில்லை, வாக்குத்தான் போட்டோம்.

இனி சென்னைக்குப் போகத் தேவையே இல்லை. அக்கரைப்பற்றிலும் சம்மாந்துறையிலும் நிந்தவூரிலும் எங்கட இறக்காமத்திலும் ஒவ்வொரு வீட்டிலும் இப்ப ஸ்டூடியோ இருக்கிறது, கையில் இருக்கிற போன்தான். வாப்பாதான் தயாரிப்பாளர், சாச்சாதான் கெமரா. ஏழு வயசுப் புள்ளை பெரிய மனுசன் மாதிரி பேசினால் நாட்டுக்கே சிரிப்பு. நூறாயிரம் பேர் பார்த்தால் அடுத்த நாளும் பேச வேணும். புள்ளைக்குக் காய்ச்சல் என்றால் அதுவும் ஒரு வீடியோ. இங்கே ஐந்து மணித்தியாலக் கணக்கு இல்லை, பொறுப்பாளர் இல்லை, வங்கிக் கணக்கு இல்லை. பல்லு விழுந்து முளைக்கும்போது பார்வை குறையும். அப்ப தம்பியைக் கொண்டு வருவாங்க. மூத்தவன் பன்னிரண்டு வயசில் ஓய்வு பெற்ற நடிகன்.

இதைவிடக் கேவலமானது ஒண்டு இருக்கிறது. உதவி வீடியோ. அரிசி மூட்டையும் பால்மாவும் கொண்டு போய் ஒரு ஓலை வீட்டு வாசலில் இறக்குவாங்க. புள்ளையை முன்னால் நிறுத்தி, "வாப்பா எங்க மகன்? சாப்பிட்டயா மகன்?" என்று மைக்கை நீட்டுவாங்க. புள்ளை அழும் வரைக்கும் கேள்வி நிற்காது. வலக்கை கொடுப்பது இடக்கைக்குத் தெரியக்கூடாது என்று மதரசாவில் ஓதிப் படிச்ச சமூகம், வலக்கை கொடுப்பதை நாலு கெமராவில் பிடிக்குது. அந்தப் புள்ளையும் நடிக்கிறது. சம்பளம் ஒரு பால்மாப் பக்கெட். அடுத்த நாள் வகுப்பில் அந்தப் புள்ளைக்குக் கிடைக்கிற பட்டப்பேரை அந்த வீடியோக்காரர் கேட்க மாட்டார்.

எங்களோடு சண்டைக்கு வருகிறவர்களின் கேள்விகள் தெரியும்.

"புள்ளையின்ட திறமைய அமத்தச் சொல்றீங்களா?" இல்லை. நாங்கள் நாடகம் போடுற ஆட்கள், புள்ளைகள் இல்லாத மேடை எங்களுக்கும் வேண்டாம். இந்த நாட்டிலேயே வேறு மாதிரி நடந்திருக்கிறது. பி.எச். அப்துல் ஹமீத் சின்ன வயசில் இலங்கை வானொலியின் 'சிறுவர் மலர்' நிகழ்ச்சியால் வந்தவர்தான். வானொலி மாமாவிடம் பேசிவிட்டுப் புள்ளைகள் வீட்டுக்குப் போனார்கள். தெருவில் யாருக்கும் முகம் தெரியாது, விழுந்தால் திருப்பித் திருப்பிப் போட்டுச் சிரிக்க ஒரு கிளிப்பும் இல்லை. குரல் வளர்ந்தது, ஆளும் வளர்ந்தார், தமிழ் பேசுகிற உலகமெல்லாம் கேட்ட அறிவிப்பாளரானார். திறமைக்கு வெளிச்சம் வேணும்தான். நெருப்பில் போட வேணுமென்று இல்லை.

"வீட்டில கஷ்டம், புள்ள உழைச்சா என்ன?" இதுதான் நேர்மையான கேள்வி. அப்படியென்றால் அதை உழைப்பு என்றே சொல்லுவோம். எங்கட ஊரில் வேளாண்மை வெட்டு நேரம் ஒரு பொடியன் ரெண்டு நாள் சாக்குத் தூக்கப் போய்ப் பள்ளிக்கு வராவிட்டால், மூன்றாம் நாள் சேர் வீட்டுக்கு வருவார். "புள்ளைய வேலைக்கு அனுப்புறீங்களா" என்று உம்மாவிடம் சத்தம் போடுவார். சரிதான், போடத்தான் வேணும். 2021இல் இந்த நாட்டில் வேலைக்கான குறைந்த வயசை 14இலிருந்து 16 ஆக்கினார்கள். அதே பொடியன் எங்கட கெமராவுக்காக ஒரு நாள் பள்ளியைக் கட் அடிச்சதுக்கு, அடுத்த திங்கள் காலைக் கூட்டத்தில் அவனை மேடைக்குக் கூப்பிட்டுக் கைதட்டினார்கள். வெயில் ஒண்டுதான். வயலும் ஒண்டுதான். சாக்குக்காவது கூலி இருந்தது.

"அப்ப நீங்களும் கெமரா ஹராம் என்டு செல்ற ஆக்கள்தானே?" இல்லை. அந்தப் பக்கமும் எங்களுக்குச் சண்டை இருக்கிறது. எங்கட ஊர்களில் நல்லாக் கதை சொல்ற, நல்லா நடிக்கிற பொம்புளைப் புள்ளைகள் பத்து வயசு வரைக்கும் மீலாத் விழா மேடையில் முதல் பரிசு எடுப்பாங்க. பன்னிரண்டு வயசானதும் ஒருநாள் சத்தமில்லாமல் பேர்ப் பட்டியலில் அவங்க பேர் இருக்காது. யாரும் அந்தப் புள்ளையிடம் கேட்டதில்லை. எங்கட கூட்டத்தில் இருக்கிற ராத்தா ஒருத்தர் அப்படி இறக்கப்பட்டவர்தான். அவ சொன்னா: "மேடையில ஏத்தக்குள்ளயும் என்னைக் கேக்கல்ல, இறக்கக்குள்ளயும் கேக்கல்ல." புள்ளையை விற்கிறவரும் புள்ளையைப் பூட்டுறவரும் ஒரே சாவியைத்தான் வச்சிருக்கிறாங்க. புள்ளையைக் கேட்காமல் முடிவெடுக்கிற சாவி.

பிரான்சில் 2020 ஒக்டோபரில் ஒரு சட்டம் வந்தது. பதினாறு வயசுக்குக் கீழ்ப்பட்ட புள்ளைகள் இணைய வீடியோவில் உழைக்கும் பணம், அவங்க பெரிய ஆளாகும் வரைக்கும் பூட்டி வைக்கப்பட வேணும். இன்னொண்டும் அதில் இருக்கிறது. அந்தப் புள்ளை தன்னுடைய வீடியோவை அழிக்கச் சொன்னால், நிறுவனம் அழிக்க வேணும். உம்மா வாப்பாவின் அனுமதி தேவையில்லை. இதை வாசிச்ச அன்றைக்குத்தான் நாங்கள் அந்த வீட்டுக்குத் திரும்பப் போனோம்.

ஐயாயிரம் ரூபா கொண்டு போனோம். பெரிய காசில்லை. கெமராவின் ஒரு நாள் வாடகைதான் அளவு என்று முடிவெடுத்தோம், இரும்புக்குக் கொடுத்ததையாவது மனுசனுக்குக் கொடுப்போம் என்று. அவன்ட பேரில் தபாலகத்தில் புத்தகம் ஒண்டு திறக்கச் சொன்னோம். இனி எங்கட படங்களில் புள்ளைகள் நடிச்சால் நாளைக்கு நாலு மணித்தியாலம், பள்ளி நாளில் இல்லை, வீட்டு ஆள் ஒருத்தர் கூட நிற்க வேணும், கூலி முதலில், அழுகிற காட்சியில் புள்ளையை உண்மையாக அழ வைக்கிறதில்லை என்று எழுதி, எல்லாரும் கையெழுத்துப் போட்டோம். இந்தக் கடதாசி சட்டமில்லை என்று தெரியும். கல்முனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் படம் எடுக்கிற எங்கட வயசு ஆட்கள் எல்லாரையும் இதில் கையெழுத்துப் போடச் சொல்லிக் கேட்கிறோம். போட மாட்டேன் என்கிறவங்கள் ஏன் என்று எழுதுங்க, சண்டை பிடிப்போம்.

உம்மா காசை வாங்கி மடிச்சு வச்சா. "அண்டைக்கு நீங்க சிரிச்சயள்" என்றா. அவ்வளவுதான் சொன்னா. தேத்தண்ணி தந்தா.

பொடியனிடம்தான் கடைசியாகக் கேட்டோம். உனக்கு என்ன வேணும் என்று. காசைப் பற்றி அவன் பேசவில்லை. கீழே பார்த்துக்கொண்டு சொன்னான்: "அந்த சேத்துல விழுற துண்ட எடுத்துருங்க காக்கா."

அது கதையில் இல்லாத காட்சி. ரெண்டாம் நாள் பின்னேரம், களைச்சுப் போய் வரம்பில் நடக்கும்போது உண்மையாகவே வழுக்கி விழுந்தான். நாங்கள் எல்லாரும் சிரித்தோம், அந்தச் சிரிப்புச் சத்தமும் பதிவானது. நல்ல இயல்பா இருக்கு என்று படத்தில் வைத்தோம். படத்தை நானூறு பேர் பார்த்திருப்பாங்க. அந்தப் பத்து விநாடியை மட்டும் யாரோ வெட்டி வட்ஸ்அப்பில் விட்டதை ஊரே பார்த்திருக்கிறது. பள்ளிக்கூடத்தில் இப்ப அவனுக்குப் பேர் 'சேறு'.

அன்று இரவே அந்தக் காட்சியை வெட்டிவிட்டுப் படத்தைத் திரும்ப ஏற்றினோம். எங்கட பிரதியில் அது இப்ப இல்லை. உங்கட போனில் இருந்தால் அழிச்சுவிடுங்க. இது கட்டுரையின் முடிவுக்காக எழுதின வரி இல்லை. உண்மையாகவே கேட்கிறோம், இப்பவே எடுத்து அழிச்சுவிடுங்க.